கல்யாண வீடியோ எடிட்டரை ஹீரோவாக்கின வியட்நாம் டைரக்டர்: ஃபாம் தியென் அன் பத்தித் தெரிஞ்சவங்க சொல்லுங்க

கடியபட்டணம் எடிட்டர்:

அண்ணன்மாரே, அக்காமாரே, ஒரு சந்தேகம் கேக்கணும்.

நான் கடியபட்டணத்துக்காரன். மணவாளக்குறிச்சியில ஒரு ஸ்டுடியோவுக்கு எடிட்டிங் செஞ்சு குடுக்கேன். சீசன்ல கல்யாணம், மத்த நாளுல அடக்க லைவ். கல்ஃப்ல இருக்க பிள்ளையளுக்கு லீவு கெடைக்காதுல்லா. அதனால வீட்டு முத்தத்துல இருந்து கோயில், கல்லறைத் தோட்டம் வரைக்கும் ஒரே கேமராவ வச்சு யூடியூப்ல ஓட விடுவோம். மண்ணு போட்டு முடிஞ்ச பிறவுதான் ஆஃப் பண்ணுவோம்.

இப்ப ஒரு வியட்நாம் படம் பாத்தேன். 'இன்சைட் த யெல்லோ கொக்கூன் ஷெல்', 2023-ல வந்தது. டைரக்டர் பேரு ஃபாம் தியென் அன். ஏறத்தாழ மூணு மணி நேரம் ஓடுது. ஹீரோ சைகோன்ல இருந்து கல்யாண வீடியோ எடிட் பண்ணுத ஆளு. டைம்லைனுக்கு முன்னால குனிஞ்சு கெடக்க ஒருத்தன ஹீரோவா வச்சு நான் இதுக்கு முன்னால படம் பாத்ததில்ல. நிமிந்து உக்காந்துட்டேன். அவனுக்க மைனி, அதாவது அண்ணன் பொண்டாட்டி, பைக் ஆக்சிடென்ட்ல செத்துப் போறா. கூட இருந்த சின்னப் பையனுக்கு ஒண்ணும் ஆகல. சவப்பெட்டியோட மலைக்கு மேல சொந்த ஊருக்குப் போறான். வீட்ட விட்டுப் போயி வருஷக்கணக்கான அண்ணனைத் தேடுதான். கதைன்னு பாத்தா இவ்வளவுதான்.

அந்த அடக்கம் எடுத்திருக்க விதம் பாத்து எனக்கு ஒரு மாதிரி ஆயிட்டு. செபம் சொல்லுதாங்க, பாட்டுப் படிக்காங்க, சாமியார் நிக்காரு, எல்லாம் நம்ம ஊருதான். பாஷை மட்டும்தான் வேற. ஆனா நான் வாரா வாரம் எடுக்குத அதே சங்கதி அவரு கையில வேற ஒண்ணா இருக்கு. அது எப்படின்னு எனக்குப் பிடிபடல.

இந்த ஆளு எங்க இருந்து வந்தாரு? கட் பண்ணாம இப்படிப் போறதுக்கு என்ன காரணம்? எனக்கிட்ட ஒரு குறும்படக் கதை கெடக்கு, அதையும் பிறவு சொல்லுதேன். யூடியூப் விமர்சனம் நாலஞ்சு பாத்தேன். எல்லாரும் 'தியானம் மாதிரி இருக்கு'ன்னு சொல்லிட்டுப் போயிட்டாங்க. அது எனக்குப் பத்தல.

குலசேகரம் பால்வெட்டு:

மக்கா, நான் அந்தப் படத்துல முக்கால் மணி நேரம் தாண்டல. எனக்கு வெளுப்பான் காலத்துல எந்திரிச்சு ரப்பர் பால் வெட்டப் போணும். சவத்துணி தைக்குத ஒரு கெழவன் வாறாருல்லா, அவருக்க வீட்டுக்குள்ள கேமரா போயிச் சேருததுக்குள்ள நான் ஒரு வரி மரம் வெட்டி முடிச்சிருப்பேன். பனியும் மலையும் பாக்கதுக்கு நான் எதுக்கு வியட்நாம் போணும்? எங்க வீட்டுக் கதவத் தொறந்தா போதும்.

கோவிச்சுக்கிடாத. இந்தப் படத்துக்கு விருது குடுத்தவனுவ முழிச்சிருந்து பாத்தானுவளான்னுதான் எனக்குச் சந்தேகம்.

மார்த்தாண்டம் ஃபோகஸ்:

குலசேகரத்துக்காரரு சொன்னதுக்குப் பிறவு வாறேன். தம்பி, முதல்ல உனக்கு.

நான் கேமரா அசிஸ்டென்ட். திருவனந்தபுரம், கொச்சி பக்கம் மலையாளப் படத்துல ஃபோகஸ் பிடிச்சு வயித்தக் கழுவுத ஆளு. அதனால கலைப்படத் தத்துவம் எனக்கிட்ட எதிர்பாக்காத. ஒரு ஷாட்ட எப்படிப் பண்ணியிருப்பான்னுதான் எனக்க புத்தி போகும்.

ஆளுக்க விவரம் இது. 1989-ல பிறந்தவரு. ஊரு பாவ் லோக். சைகோன்ல இருந்து டா லாட்டுக்குப் போற 20-ஆம் நம்பர் நெடுஞ்சாலையில மலையேறினா வரும். தேயிலை, காப்பி, பட்டுப்புழு இதெல்லாம்தான் அங்க பிழைப்பு. படிச்சது ஐ.டி. சினிமா தானாக் கத்துக்கிட்டது. 2018-ல 'த மியூட்'னு ஒரு குறும்படம் எடுத்தாரு. அடுத்த வருஷம் 'ஸ்டே அவேக், பி ரெடி'. இந்த ரெண்டாவதுதான் கதவத் தொறந்து விட்டுது. பிரான்சுல நடக்குத கான் பட விழாவுல டைரக்டர்ஸ் ஃபோர்ட்நைட் பிரிவுல ஓடி, அங்க குறும்படத்துக்குக் குடுக்குத இல்லி விருத வாங்குச்சு. தலைப்பு எங்க இருந்து வந்ததுன்னு உனக்கு நான் சொல்லணுமா? மத்தேயு 24. திருவருகைக்காலம் தொடங்குத ஞாயிறு பூசையில வாசிப்பாங்கல்லா, அதுதான்.

அந்தக் குறும்படத்தத் தேடிப் பிடிச்சுப் பாரு. ராத்திரி நேரம், ரோட்டோரக் கடை, மூணு பயலுவ உக்காந்து பேசுதானுவ, பக்கத்துல ஒரு பைக் ஆக்சிடென்ட் நடக்குது. என்ன, எங்கயோ பாத்த மாதிரி இருக்கா? நீ பாத்த படத்துக்கத் தொடக்கமே அதுதான். நாலு வருஷம் கழிச்சு அதே மேசைக்குத் திரும்பி வந்து உக்காந்திருக்காரு மனுஷன்.

எனக்கு இவருக்கிட்டப் பிடிச்ச விஷயம் இதுதான். நம்ம பயலுவ குறும்படம் எடுக்கது விசிட்டிங் கார்டு மாதிரி. தயாரிப்பாளர் கையில குடுத்தாச்சுன்னா அதோட தீந்துது. அடுத்து எடுக்குத படத்துக்கும் அதுக்கும் ஒரு சம்பந்தமும் இருக்காது. இவரு அப்படி விடல. குறும்படத்துல அடிபட்டது யாரோ ஒருத்தரு. பெரிய படத்துல கொஞ்ச நேரம் கழிச்சு ஹீரோவுக்கு ஃபோன் வருது, மைனி போயிட்டான்னு. கண்ணு முன்னால நடந்ததும் இதுவும் ஒண்ணுதானான்னு யாரும் வாய்விட்டுச் சொல்லல. பாத்துக்கிட்டிருக்க நமக்குத்தான் பகீர்னு இருக்கு. ஒரே சம்பவம்தான். யாருக்கு நடந்துதுன்னு ஒரு கேள்விய அவரே தனக்குள்ள கேட்டிருக்காரு, அதுல இருந்து மூணு மணி நேரக் கதை கெடைச்சிருக்கு.

அந்தப் படமும் 2023-ல டைரக்டர்ஸ் ஃபோர்ட்நைட்டுலதான் ஓடுச்சு. கேமரா டோர் விருது கெடைச்சுது. முதல் முழுநீளப் படத்துக்குன்னே 1978-ல இருந்து குடுக்க விருது அது. கான்ல எந்தப் பிரிவுல ஓடினாலும் முதல் படம்னா போட்டியில உண்டு. வியட்நாம்ல பிறந்து பிரான்சுல வளந்த ட்ரான் ஆன் ஹுங் இத 1993-ல வாங்கினாரு. அவரே 2023-ல, அதே விழாவுல, சிறந்த டைரக்டர் விருதும் வாங்கினாரு. நம்ம நாட்டுல 1988-ல மீரா நாயர் 'சலாம் பாம்பே'க்கு வாங்கினாங்க. 1999-ல 'மரண சிம்மாசனம்' எடுத்த முரளி நாயர் வாங்கினாரு. மலையாளப் படம், களியக்காவிளை தாண்டினா அந்த ஊரு. அதனால இது என்னமோ எட்டாத இடம்னு நினைக்காத.

இனி ஷாட்டு. சவத்துக்குத் துணி தைச்சுக் குடுக்க லூ-ங்கிற பெரியவர ஹீரோ பாக்கப் போற காட்சிய எடுத்துக்க. இருபது நிமிஷத்துக்கு மேல கட்டே கெடையாது. வீட்டுல தொடங்குது, பைக் பின்னால ஊருக்குள்ள போகுது, பெரியவருக்க வீட்டு முன்னால நிக்குது. உள்ள ரெண்டு பேரும் பேசுததை வெளிய நின்னே சன்னல் வழியாப் பாக்குது. பிறவு பைய, நீ கவனிக்காமலே, உள்ள போயி அவங்க முகத்துக்குக் கிட்டச் சேந்துரும். பணம் வேண்டாம்னு அவரு சொல்லுததும், போருக்குப் போன பழைய கதையும், எல்லாம் அந்த ஒரே ஓட்டத்துக்குள்ள. கேமராமேன் பேரு டின் யுய் ஹுங்.

பாக்கவனுக்கு இது சும்மா இருக்கும். எனக்கு வேர்த்துட்டு. வெளிய வெட்டவெளிச்சம், உள்ள இருட்டு. வெளிய இருந்து உள்ள போகும்போது அப்பர்ச்சர, அதாவது லென்ஸுல வெளிச்சம் வருத ஓட்டையத் தொறக்கணும், அதுவும் கண்ணுக்குத் தெரியாம. கேமரா பத்து மீட்டர்ல இருந்து ஒரு மீட்டருக்கு வரும்போது ஃபோகஸ் இம்மி தப்பக் கூடாது. இருபதாவது நிமிஷத்துல பெரியவருக்கு ஒரு இருமல் வந்தாப் போச்சு, காலம்பற இருந்து மறுபடியும் தொடங்கணும். நான் பத்து நொடி ஷாட்டுக்கே திட்டு வாங்கினவன், அதான் சொல்லுதேன். மேகம் மூடிக் கெடக்க மலையூருங்கதால உள்ளுக்கும் வெளிக்கும் வெளிச்ச வித்தியாசம் கொறஞ்சிருக்கும்னு எனக்குத் தோணுது. நம்ம கடப்புறத்துல பதினோரு மணி வெயில்ல இதச் செஞ்சா சன்னல் வெள்ளையா வெடிச்சிரும்.

நீ கேட்ட முக்கியமான விஷயத்துக்கு வாறேன். நீயும் மூணு மணி நேரம் கட் இல்லாமத்தான எடுக்குத? பிறவு அது ஏன் படம் ஆகல? உனக்க கேமரா எல்லாரும் பாக்க இடத்தப் பாக்குது. பெட்டி மூடும்போது பெட்டிக்குள்ள போகும், சாமியார் மைக்கப் பிடிச்சா சாமியாருக்கிட்டப் போகும். கல்ஃப்ல இருந்து பாக்க மகனுக்கு அதுதான் வேணும், அதுல தப்பில்ல. உனக்கத் தொழில் அது. இவரு கேமரா எப்பவும் ஒரு எட்டுப் பின்னால நிக்கும், சம்பவத்துக்கு லேட்டா வந்து சேரும். ஆக்சிடென்ட்டயே பாரு, சத்தம் முதல்ல வருது, கேமரா பைய அப்புறம் திரும்புது. அந்த இடைவெளியில நமக்க மனசுதான் ஓடிப் போயிப் பாக்குது. லைவ்ல அந்த இடைவெளி விட்டா கமெண்ட்ல உன்னத் திட்டுவாங்க.

குலசேகரத்து அண்ணாச்சி தூங்கினதுல எனக்கு வருத்தமில்ல. ரெண்டாம் பாதியில ஒரு வயசான அம்மா ஆத்மா, மறுமைன்னு பேசுத இடம் எனக்கும் நீண்டுதான் போச்சு. லூ பெரியவருக்க பேச்சுல ஒரு வாழ்க்க தெரியுது, இந்த அம்மா பேச்சுல பிரசங்கம்தான் தெரியுது. சொல்ல வந்தத எல்லாம் முதல் படத்துலயே சொல்லிரணும்ங்கிற அவசரம். ஆனா முக்கால் மணி நேரத்துல நிறுத்தினவரு லூவுக்க வீட்ட எப்படிப் பாத்தாருன்னுதான் எனக்குப் புரியல, அண்ணாச்சி!

குலசேகரம் பால்வெட்டு:

ஓட்டி விட்டுப் பாத்தேன் மக்கா. போதுமா?

கோட்டாறு டீச்சர்:

ஃபோகஸ் தம்பி நன்றாகச் சொன்னார். அவர் தொடாத ஒரு விஷயம் உண்டு, நான் வரலாறு நடத்துகிறவள் என்பதால் அது கண்ணில் பட்டது.

அந்த மலையூரில் இத்தனை கோயிலும் மணியும் எப்படி வந்தன? 1954 ஜெனீவா உடன்பாட்டில் வியட்நாம் 17-ஆவது அட்சரேகையை ஒட்டி இரண்டாகப் பிரிந்தது. வடக்கிலிருந்து எட்டு லட்சத்துக்கும் மேற்பட்ட மக்கள் தெற்கே வந்தார்கள். பெரும்பாலோர் கத்தோலிக்கர். பங்குச் சாமியாரோடு ஊர் ஊராகவே கிளம்பி வந்தவர்களும் உண்டு. அவர்களில் பலர் பாவ் லோக் போன்ற மலைப்பகுதிகளில் குடியேறினார்கள். ஆகவே படத்தில் வருகிற விசுவாசம் இடம்பெயர்ந்தவர்களின் விசுவாசம். ஹீரோ சைகோனில் அதைத் தொலைத்துவிட்டு நிற்கிறான்.

லூ தெற்கு வியட்நாம் படையில் இருந்தவர். 1975 ஏப்ரல் 30-இல் தோற்ற பக்கம் அது. வென்றவர்களின் கதையைத்தான் அங்கே அரசுத் தயாரிப்புகள் காலங்காலமாகச் சொல்லி வந்திருக்கின்றன. தோற்ற படையில் இருந்த ஒரு கிழவரை உட்கார வைத்து, குறுக்கே வெட்டாமல், அவர் பேசி முடிக்கும்வரை கேட்பது அந்த நாட்டில் சாதாரணக் காரியம் இல்லை. நடுவில் ஒரு கட் வைத்திருந்தால்கூட, யாரோ அவர் பேச்சைத் தணிக்கை செய்தது போல இருந்திருக்கும். கட் இல்லாததற்கு எனக்குத் தோன்றும் காரணம் இது. ஃபோகஸ் தம்பி தொழிலைப் பார்த்தார், நான் அரசியலைப் பார்க்கிறேன்.

தணிக்கை என்று சும்மா சொல்லவில்லை. லெ பாவ் எடுத்த 'வி' 2021-இல் பெர்லினில் பரிசு வாங்கியது, சொந்த நாட்டில் தடை. ட்ருவோங் மின் குவீயின் 'வியட் அண்ட் நாம்' 2024-இல் கானில் ஓடியது, அதற்கும் தடை. நம் ஆளின் படம் மட்டும் உள்ளூர்த் திரையரங்குகளுக்கு வந்தது. அரசியலை அவர் வெளிப்படையாகப் பேசவில்லை, பேசுகிற ஒருவரின் எதிரே கேமராவை வைத்தார், அவ்வளவுதான். இதைச் சாமர்த்தியம் என்பவர்கள் உண்டு. பக்குவம் என்று நான் சொல்வேன்.

இந்தத் தலைமுறையில் இன்னொருவரையும் பாருங்கள்: ஹா லெ ஸியெம். வடக்கு மலைப்பகுதியைச் சேர்ந்த பெண். சா பா பக்கம் ஹ்மோங் இனச் சிறுமி ஒருத்தியோடு ஆண்டுக்கணக்காகக் கூடவே இருந்து 'சில்ட்ரன் ஆஃப் த மிஸ்ட்' என்ற ஆவணப்படம் எடுத்தார். பெண்ணைத் தூக்கிக்கொண்டுபோய்க் கல்யாணம் செய்யும் வழக்கம்தான் விஷயம். 2021-இல் ஆம்ஸ்டர்டாம் ஆவணப்பட விழாவில் சிறந்த இயக்கத்துக்கான விருது பெற்றது. கேமராவைக் கையில் பிடித்திருப்பவளே நடப்பதைத் தடுக்கலாமா வேண்டாமா என்று தவிக்கிற இடம் ஒன்று உண்டு. என்னைக் கேட்டால், எடிட்டர் தம்பி அதைத்தான் முதலில் பார்க்க வேண்டும். அடக்க வீட்டில் கேமரா பிடிக்கிறவனுக்கு அந்தத் தவிப்பு தெரியாமலா இருக்கும்?

கடியபட்டணம் எடிட்டர்:

டீச்சர், நீங்க சொன்ன கடைசி வரி உள்ள போயிட்டு. பெட்டிய மூடும்போது ஒரு அம்மா என்ன நிமிந்து பாத்தாங்கன்னா, கேமராவத் தாழ்த்தவா வேண்டாமான்னு ஒவ்வொரு தடவையும் கை நடுங்கும்.

நான் சொல்லாம வச்சிருந்த கதை இது. 2017 நவம்பர் கடைசியில ஓக்கி புயல் அடிச்சதுல்லா. தூத்தூர், சின்னத்துறை, வள்ளவிளை பக்கமெல்லாம் கடலுக்குப் போனவங்க எத்தனையோ பேருக்க உடம்பு கடைசி வரைக்கும் கெடைக்கல. பெட்டி இல்லாம, போட்டோவ வச்சுப் பூசை நடந்துது. நம்ம கதையில ஒரு அம்மா. மகனுக்குப் பூசை வைக்க மாட்டேன்னு நிக்கா. வீட்டுக்காரங்க எல்லாம் கோயிலுக்குக் கெளம்புதாங்க, அவ மட்டும் அடுக்களையில மீன் கழுவிக்கிட்டிருக்கா. அவ்வளவுதான் கதை. ஒரே ஷாட்டுல எடுக்கணும்னு ஆசை. கையில சோனி ஏ7எஸ் கேமரா இருக்கு, ஆட்டமில்லாம எடுக்க கிம்பல் இருக்கு. முதல்ல கடல்ல இருந்து ட்ரோன் ஷாட்டுல தொடங்கி, கூரைக்கு மேல வந்து, வீட்டுக்குள்ள போலாமான்னு யோசிச்சேன்.

மார்த்தாண்டம் ஃபோகஸ்:

ட்ரோன் வேண்டாம். அது கல்யாண ஹைலைட் பழக்கம், கையில ஒட்டிக்கிடுச்சு. கடலக் காட்டவே செய்யாத. சத்தம் மட்டும் போதும், ஓக்கின்னா நம்ம மாவட்டத்துல எவனுக்கும் விளக்கம் தேவையில்ல.

அடுக்களையில தொடங்கு. கேமரா அந்த அம்மாவுக்க பின்னால நிக்கட்டும், முகம் வேண்டாம். மீன் கழுவுத தண்ணிச் சத்தம் கேக்கணும். பின்னால முன்வீட்டுல ஆளுங்க கெளம்புததும் செருப்புத் தேடுததும் பிள்ளையளை அதட்டுததும் சத்தத்துலயே நடக்கட்டும். யாராவது ஒருத்தரு வாசல் வரைக்கும் வந்து, ஒண்ணும் சொல்லாமத் திரும்பிப் போகட்டும். அதுக்குப் பிறவு கோயில் மணி. அப்ப வேணும்னா கேமரா நகரலாம். இல்ல, நகராமலே இருந்தாலும் கொள்ளாம்.

அதனால கிம்பலத் தூக்கி வை, ட்ரைபாட் போதும். எட்டு நிமிஷத்துக்கு மேல போகாத. வியட்நாம்காரருக்குப் பின்னால சிங்கப்பூர், பிரான்சு, ஸ்பெயின்னு கூட்டுத் தயாரிப்பு இருந்துது, ஜெரமி சுவா மாதிரி ஒரு தயாரிப்பாளர் இருந்தாரு. நாள்கணக்குல ஒத்திகை பாத்து, சரியா வரல்லன்னா மறுநாளும் எடுக்கலாம். உனக்கு அந்த வீட்டுக்காரங்க ஒரு சாயங்காலம் குடுத்தா அதிகம்.

ஒத்திகைய ஃபோன்லயே எடு. மூணு மணிக்கு மேல, மேகம் மூடின நாளாப் பாத்து எடு. சன்னல் கிழக்க பாத்திருந்தா உனக்கு நல்ல காலம்.

சத்தத்துலதான் நம்ம பயலுவ எல்லாம் கவுந்து விழுகானுவ. கேமரா மைக்க நம்பாத, கடக்காத்து இரைச்சல்ல ஒண்ணும் மிஞ்சாது. அடுக்களைக்கு ஒரு மைக்கு, முன்வீட்டுக்கு ஒரு மைக்கு, ரெண்டையும் தனித்தனியாப் பதிவு பண்ணு. எனக்கிட்ட ஒரு பழைய ஜூம் ரெக்கார்டரும் மைக்கு மாட்டுத பூம் கம்பும் கெடக்கு. வாடகை வேண்டாம். தனிச்செய்தியில நம்பர் போடு, மார்த்தாண்டம் பாலத்துக்குக் கீழ வந்தா எடுத்துட்டுப் போலாம். பேட்டரி மட்டும் நீ வாங்கிக்க.

குலசேகரம் பால்வெட்டு:

எட்டு நிமிஷம்னா நான் முழிச்சிருந்து பாப்பேன். எடுத்து முடிச்சா இங்கேயே இணைப்பப் போடு மக்கா.